கார்த்திகேயனும் கார்த்திக்கும்: ஒரு பெயரின் வரலாறு

மக்கட்பேறு பெற்ற பெற்றோர் தம் பிள்ளைக்கு முதன்முதல் எழுதிக் கொடுக்கும் முதுசம் பெயரேயாகும். பொன்னும் பொருளும், வீடும் வளவும் பின்னர் வருவன. அவை வந்தாலும் வரும், வாராது ஒழிந்தாலும் ஒழியும். பெயரோ ஒருவனோடு கூடவே வளர்ந்து, அவன் மறைந்த பின்னரும் சில காலம் நின்று நிலவுவது. ஆதலால் ஒரு பெயரின் வரலாற்றை ஆராய்வது அப்பெயரை வழங்கிய மக்களின் உள்ளத்தை ஆராய்வதாகும். இன்று நம்மவரிடையே பெருவழக்காக உள்ள ‘கார்த்திக்’ என்னும் பெயரை எடுத்துக்கொண்டு, அது வந்த வழியை இங்கே சிறிது நோக்குவோம்.

இவ்வாராய்ச்சிக்குக் காரணமாயிருந்தது ஒரு சிறு நிகழ்ச்சி. எமது அயலிலுள்ள ஒரு வீட்டில் 31ஆம் நாள் துடக்குக் கழிவு நடைபெற்றது. பிறந்தது ஆண் மகவு. மகவின் தந்தை 1990களின் இடப்பெயர்வுக் காலத்தில், மிகச் சிறு வயதிலே தன் தாயை இழந்தவர். தாயின் தங்கையே அவரை வளர்த்து ஆளாக்கினார். அந்த அம்மையாருக்கு ஓர் ஆசை. காலஞ்சென்ற தம் தகப்பனார் கார்த்திகேசு அவர்களின் பெயரை இக்குழந்தை தாங்கவேண்டும் என்பதே அது.

“தம்பி, அப்புவின்ரை பெயரை விட்டிடாதை ராசா” என்றார் அவர்.

“சின்னம்மா, கார்த்திகேசு எண்டு வைச்சால் நாளைக்குப் பள்ளிக்கூடத்திலை பகிடி பண்ணுவினம். கார்த்திக் எண்டு வைப்பம். அப்புவின்ரை பெயரும் அதுக்குள்ளை இருக்குத்தானே” என்றார் மகன்.

“நீங்கள் என்ன சொல்லுறியள், மாஸ்டர்?” என்று இருவரும் என்னை நோக்கினர். உடனே விடை சொல்ல எனக்கு இயலவில்லை. வீடு திரும்பி நூல்களைப் புரட்டிய பின்னரே, அவர்கள் கேட்ட கேள்வி எவ்வளவு பழையது, எவ்வளவு பெரியது என்பது விளங்கிற்று.

பெயரின் பொருள்

கார்த்திகேயன் என்பது வடமொழிப் பெயர். கிருத்திகா என்பது கார்த்திகை விண்மீன் கூட்டத்தின் பெயர். அச்சொல்லோடு ‘ஏய’ என்னும் விகுதி சேர்ந்து, முதல் எழுத்து நீண்டு, கார்த்திகேய என்றாயிற்று. பெண்பாற் பெயரின்மேல் வந்து ‘இன்னாளின் மகன்’ என்னும் பொருளைத் தரும் இவ்விகுதிக்குப் பாணினி முனிவர் தமது இலக்கணத்திலே தனி விதி வகுத்துள்ளார். குந்தியின் மகன் கௌந்தேயன். கங்கையின் மகன் காங்கேயன். விநதையின் மகனாகிய கருடன் வைநதேயன். அவ்வாறே கார்த்திகைப் பெண்களின் மகன் கார்த்திகேயன்.

இங்கே ஓர் உண்மையை ஊன்றி நோக்குதல் வேண்டும். முருகப் பெருமானைக் கார்த்திகைப் பெண்கள் பெற்றவர்கள் அல்லர், வளர்த்தவர்கள். சிவகுமாரன் என்பது தந்தையால் வந்த பெயர். சரவணபவன் என்பது பிறந்த இடத்தால் வந்த பெயர். வேலாயுதன் என்பது கைப்படையால் வந்த பெயர். கார்த்திகேயன் என்பதோ பால் கொடுத்து வளர்த்த தாயரால் வந்த பெயர். இத்தகைய பெயர் நம் இதிகாசத்தில் வேறொருவனுக்கும் உண்டு. தேரோட்டியின் மனைவி இராதை எடுத்து வளர்த்தமையால் கர்ணன் இராதேயன் எனப்பட்டான். பெற்றவள் குந்தி என்று அறிந்த பின்னரும் அவன் இராதையைத் தாய் அல்லள் என்று சொல்ல இசையவில்லை என்பது பாரதம் கூறும் செய்தி. வளர்த்த கடனைப் பெற்ற உறவுக்கு நிகராக வைத்துப் போற்றிய ஒரு பண்பாட்டின் முத்திரை இவ்விரு பெயர்களிலும் பதிந்திருக்கின்றது.

அறுவர் கதை

கார்த்திகைப் பெண்களின் கதை காலந்தோறும் பலவாறு சொல்லப்பட்டு வந்துள்ளது. இவற்றுள் வேதகாலத்ததாகிய சதபத பிராமணம் கூறுவது மிகப் பழையது. கார்த்திகை விண்மீன்கள் ஆதியில் ஏழு முனிவர் விண்மீன்களின் மனைவியராய் இருந்தன என்றும், முனிவர் வடக்கே தோன்ற இவை கிழக்கே தோன்றுதலால் கணவரைப் பிரிந்து நிற்கின்றன என்றும் அந்நூல் சொல்லும். வானத்தைப் பார்த்துக் கதை கண்ட முன்னோரின் கற்பனை இது.

மகாபாரதத்தின் வனபருவத்திலே இக்கதை துன்பக் கதையாக விரிகின்றது. முருகன் பிறப்பை ஒட்டி எழுந்த பொய்ப்பழியால், அருந்ததி ஒழிந்த ஆறு முனிபத்தினியரும் தம் கணவரால் கைவிடப்படுகின்றனர். அவர்கள் குற்றமற்றவர் என்று விசுவாமித்திரர் எடுத்துரைத்தும் முனிவர் கேட்டிலர். போக்கிடமற்ற அறுவரும் குழந்தையாகிய கந்தனிடமே வந்து, நீ எங்களுக்கு மகனாயிருத்தல் வேண்டும் என்று இரக்கின்றனர். அவன் அவர்களைத் தாயராக ஏற்றுக்கொள்கின்றான். வானத்தில் அவர்களுக்கு இடமும் கிடைக்கின்றது. உலகம் தள்ளிய பெண்களுக்கு ஒரு குழந்தை மகனாகிப் பெருமை கொடுத்த கதை இது.

வான்மீகி இராமாயணத்தின் பாலகாண்டத்தில் துன்பம் நீங்கிக் கதை எளிமையாகின்றது. தேவர்கள் கார்த்திகைப் பெண்களைப் பாலூட்ட ஏவுகின்றனர். குழந்தை ஆறு முகங்கொண்டு அறுவரிடத்தும் ஒருங்கே பால் உண்கின்றது. தேவர்களே அதற்குக் கார்த்திகேயன் என்று பெயரிடுகின்றனர். ஒரு தாயும் மனம் வாடலாகாது என்றே முகங்கள் ஆறாயின போலும்!

தமிழிலும் இக்கதை மிகப் பழையது. பரிபாடலில் கடுவன் இளவெயினனார் பாடிய 5ஆம் பாடல் முனிபத்தினியர் அறுவரின் வரலாற்றைக் கூறுகின்றது. திருமுருகாற்றுப்படையும் பெருமானை அறுவர்க்கு மகனாகவே அழைக்கின்றது. கார்த்திகைக் கூட்டத்துக்கு ‘அறுமீன்’ என்றும் ‘ஆரல்’ என்றும் தமிழ்ப் பெயர்கள் உண்டு. அறுமீன் நிறைமதியோடு சேரும் இரவில் விளக்கேற்றி விழாக் கொண்டாடியதனை அகநானூறு குறிப்பிடுகின்றது. இன்று நம் ஊர்களில் வாயிலில் வாழைக் குற்றி நாட்டிச் சிட்டியில் எண்ணெய் வார்த்து ஏற்றும் விளக்கீடு அப்பழைய விழாவின் தொடர்ச்சியே.

காஞ்சிக் குமரகோட்டத்துக் கச்சியப்ப சிவாசாரியார் பாடிய கந்தபுராணம் ஆறு காண்டங்களும் 10,345 செய்யுட்களும் கொண்டது. அதிலே கதை நிறைவு பெறுகின்றது. சரவணப் பொய்கையில் தாமரைகளின்மேல் ஆறு குழந்தைகள், அறுவர் பாலூட்டுகின்றனர், உமையம்மையார் வந்து ஆறுருவையும் ஒருங்கே அணைக்கக் கந்தன் என்னும் ஒரு திருவுருவாகின்றது. அந்நிலையில் வளர்த்த பெண்களின் கதி யாது? ஆசிரியர் அவர்களை மறந்தாரல்லர். சிவபெருமான் அவர்களை நோக்கி, இவனைப் பேணி வளர்த்த கடனாலே இவன் உங்கள் மைந்தன் என்னும் பெயர் பெறுக என்று அருளி, அவர்களின் நாளாகிய கார்த்திகையில் நோன்பிருப்போர்க்கு வரமும் தருகின்றார். பெற்ற தாய் வந்தமையால் வளர்த்த தாயர் உரிமை இழந்திலர். பெயரிலே அவர்களின் உரிமை நிலைபெற்றது.

காசிலும் கல்லிலும்

கதையை விட்டு வரலாற்றுச் சான்றுகளுக்கு வருவோம். கி.மு. 2ஆம் நூற்றாண்டினர் என்று கருதப்படும் பதஞ்சலி முனிவர் தமது மாபாடியத்திலே கந்தன், விசாகன் ஆகியோரின் திருவுருவங்களைக் குறிப்பிடுகின்றார். கி.பி. 2ஆம் நூற்றாண்டிலே வடமேற்கு இந்தியாவை ஆண்ட குசான மன்னன் ஹுவிஷ்கன் வெளியிட்ட பொற்காசுகளில் கந்தகுமாரன், விசாகன், மகாசேனன் ஆகிய பெயர்கள் கிரேக்க எழுத்திலே பொறிக்கப்பட்டுள்ளன. இன்றைய அரியானா, பஞ்சாப்புப் பகுதிகளில் வாழ்ந்த யௌதேயர் தம் நாட்டுக்கே பெருமானை அரசனாகக் கொண்டவர்போல அவன் பெயராலே காசு அடித்தனர். அக்காசுகள் சிலவற்றிலே ஆறுமுகத் திருவுருவைக் காணலாம்.

குப்தப் பேரரசர் இருவர் இப்பெருமானின் பெயரையே தாங்கினர். முதலாம் குமாரகுப்தன் ஏறத்தாழ கி.பி. 415 முதல் 455 வரை ஆண்டவன். மயிலேறிய கார்த்திகேயன் உருவம் பொறித்த பொற்காசை வெளியிட்டவன். அவன் மகன் கந்தகுப்தன், ஊணரின் படையெடுப்பைத் தடுத்து நிறுத்திய வீரன். காஞ்சியிலிருந்து ஆண்ட பல்லவருள்ளும் சிவகந்தவர்மன் முதலாகக் கந்தன் பெயர் தாங்கியோர் பலர். தேவசேனாபதியின் பெயரை மகனுக்கு இட்டால் மகனும் படைத்தலைவனாவான் என்பது அரசரின் விருப்பம்.

ஆயினும் அரச குலங்களிலேயே தாயரை நினைக்கும் மரபும் இருந்தது. சாதவாகனப் பேரரசன் சதகர்ணி கௌதமியின் மகன் என்னும் பொருள்பட ‘கௌதமீபுத்திரன்’ என்றே கல்வெட்டுகளில் அழைக்கப்படுகின்றான். வாதாபிச் சாளுக்கியர் தம்மை ஏழு தாயரால் வளர்க்கப்பட்டவர் என்றும், கார்த்திகேயனால் காக்கப்பட்டவர் என்றும் தம் சாசனங்கள்தோறும் கூறிக்கொண்டனர். தாயின் பெயரைச் சொல்லுதல் வீரத்துக்கு இழுக்கு என்று அக்கால மன்னர் எண்ணினாரல்லர்.

ஈழத்தில் முருகன் பெயர்கள்

நமது நாட்டிலே முருகன் பெயருக்குள்ள இடம் தனிப்பட்டது. கதிர்காமம் தமிழரும் சிங்களவரும் ஒருங்கே வணங்கும் தலம். மகாவமிசம் அவ்வூரைக் கஜரகாமம் என்று குறிக்கின்றது. கார்த்திகேய கிராமம் என்பதே அவ்வாறு திரிந்தது என்று கூறுவாரும் உளர். 15ஆம் நூற்றாண்டினராகிய அருணகிரிநாதர் கதிர்காமத்தின்மேல் திருப்புகழ் பாடியுள்ளார். கோயில்தோறும் கந்தபுராணம் படித்துப் பயன் சொல்லும் வழக்கம் யாழ்ப்பாணத்து வாழ்க்கையை உருவாக்கியது என்பதைப் பண்டிதமணி சி. கணபதிப்பிள்ளை அவர்கள் (1899–1986) ‘கந்தபுராண கலாசாரம்’ என்னும் தொடராலே விளக்கினார்.

அக்கலாசாரம் பெயர்களிலே நன்கு விளங்கும். கந்தர், கந்தையா, வேலர், வேலுப்பிள்ளை, முருகேசு, ஆறுமுகம், சரவணமுத்து, கதிர்காமர், கார்த்திகேசு என்று எத்தனை பெயர்கள்! நல்லூரிலே 1822இல் தோன்றிய நாவலர் பெருமானின் பிள்ளைப் பெயர் ஆறுமுகம். தந்தையார் பெயர் கந்தப்பிள்ளை. சேர் முத்துக்குமாரசுவாமியின் (1834–1879) புதல்வர் ஆனந்த குமாரசுவாமி (1877–1947) கீழைத்தேசக் கலையின் பெருமையை உலகுக்கு உணர்த்தியபோது, ‘குமாரசுவாமி’ என்னும் முருகன் பெயரும் மேனாட்டு நூல்நிலையங்களில் ஏறியது. பொதுவுடைமை இயக்கத்திலும் ஆசிரியத் தொழிலிலும் புகழ்பெற்ற மு. கார்த்திகேசன் அவர்களை யாழ்ப்பாணம் ‘கார்த்திகேசன் மாஸ்டர்’ என்றே அறியும். சமய நெறியில் நின்றார்க்கும் வேறு நெறியில் நின்றார்க்கும் பெயர் ஒன்றாகவே இருந்தது.

இப்பெயர்கள் பாட்டனிடமிருந்து பேரனுக்கு வந்தன. பேரன் என்னும் சொல்லே பெயரன் என்பதன் மரூஉ ஆகும். பாட்டன் பெயரைத் தாங்குவோன் என்பது அதன் பொருள். சங்க நூல்களிலும் இவ்வழக்கத்தைக் காண்கின்றோம்.

பெயர் சுருங்கிய வகை

பெயர்கள் ஒருபோதும் மாறாது நின்றன அல்ல. ஸ்கந்தன் தமிழிலே கந்தன் ஆனான். கார்த்திகேயன் யாழ்ப்பாணத்திலே முருகேசு, கணேசு என்பவற்றின் ஓசையைத் தழுவிக் கார்த்திகேசு ஆனான். மறைமலையடிகள் 1916இல் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கி, வேதாசலம் என்னும் தம் பெயரையே தமிழாக்கிக் கொண்டார். அதன் பயனாகச் சேயோன், செவ்வேள், முருகவேள் என்னும் பழம் பெயர்கள் மீண்டும் தொட்டிலுக்கு வந்தன. ஒவ்வொரு தலைமுறையும் பழைய பெயரைத் தன் காலத்துக்கு ஏற்பத் திருத்தியே வழங்கியிருக்கின்றது. எனவே மாற்றம் ஒன்றே குற்றம் என்று நாம் கூறுதல் பொருந்தாது.

‘கார்த்திக்’ என்னும் வடிவமும் புதிதன்று. வட இந்திய மொழிகள் பல வடசொற்களின் ஈற்று அகரத்தை ஒலிப்பதில்லை. வங்காளத்திலே பெருமானுக்கே கார்த்திக் என்பதுதான் வழங்குபெயர்; கார்த்திக மாத முடிவில் அங்கே கார்த்திக் பூசையும் நடைபெறும். புதுமணத் தம்பதியரின் வாயிலிலே, ஆண் மகவு வேண்டி, அயலார் அப்பெருமானின் பிரதிமையை வைத்துச் செல்லும் வழக்கமும் அங்கு உண்டு. நாம் நாகரிகம் என்று மகிழும் வடிவம் வேறோரிடத்தில் பாட்டிமாரின் பழம்பெயராய் இருப்பதை எண்ணி நகைக்கலாம்!

தமிழரிடையே இக்குறுவடிவம் பரவியதற்குத் திரைப்படம் ஒரு பெருங் காரணம். 1981இல் வெளிவந்த ‘அலைகள் ஓய்வதில்லை’ படத்தில் அறிமுகமான நடிகர் கார்த்திக், இப்பெயருக்கு இளமையின் பொலிவைக் கொடுத்தார். பின்னர் ‘அலைபாயுதே’ (2000), ‘விண்ணைத்தாண்டி வருவாயா’ (2010) ஆகிய படங்களின் கதாநாயகர்க்கும் இப்பெயரே சூட்டப்பட்டது. இன்னொரு காரணம் புலம்பெயர்ந்த வாழ்வு. கனடாவிலும் இங்கிலாந்திலும் ஆசிரியர் இடாப்பைப் பார்த்துக் கூப்பிடும்போது நெடும் பெயர் உடைந்து சிதறுகின்றது. குறும்பெயர் முழுமையாய் நிற்கின்றது. பிள்ளை தலைகுனியாது ‘இருக்கிறேன்’ என்று சொல்லவேண்டும் என்று விரும்பும் பெற்றோரை யார் குறை கூறுவர்?

ஆயினும் இரண்டு செய்திகளை அவர்கள் அறிந்துகொள்ளுதல் நன்று. முதலாவது மொழி பற்றியது. வல்லின மெய் ஒன்றினால் தமிழ்ச் சொல் முடிவதில்லை என்பது தொல்காப்பியம் முதலாக வரும் விதி. ‘கார்த்திக்’ என்று எழுதும்போது தமிழின் வாய் மூடாமலே நின்றுவிடுகின்றது. வீட்டிலே நம் ஆச்சிமார் ‘கார்த்திக்கு’ என்று ஓர் உகரம் கூட்டி அழைப்பது அறியாமையன்று. அது மொழியின் இயற்கை. அவர்கள் அறியாமலே இலக்கணத்தைக் காப்பாற்றுகின்றனர்.

இரண்டாவது பொருள் பற்றியது, இதுவே முக்கியமானது. கார்த்திகேயனில் ‘ஏயன்’ என்னும் பகுதி நீங்கும்போது நீங்குவது வெறும் ஓசையன்று. ‘மகன்’ என்னும் பொருளைத் தருவது அப்பகுதியே. வடமொழியில் கார்த்திக என்பது கார்த்திகையோடு சார்ந்தது என்று மட்டும் பொருள்படும். மாதத்துக்கும் அதுவே பெயர். விண்மீன் நிற்கின்றது, மாதம் நிற்கின்றது, மகன் என்னும் உறவு மறைகின்றது. கைவிடப்பட்ட அறுவர்க்குக் கடனாகக் கொடுக்கப்பட்ட பெயரிலே, அந்தக் கடனைச் சொல்லும் எழுத்துக்களையே நாம் தறித்து விடுகின்றோம்.

என் செய்வது?

அப்படியாயின் குறும்பெயரை விலக்குக என்பதா எனது முடிபு? அன்று. அழைக்கும் பெயர் குறுகலாம். அறியும் பெயர் குறுகலாகாது. சாதகக் குறிப்பிலும் பிறப்புப் பதிவிலும் கார்த்திகேயன் என்று எழுதி, முற்றத்திலே கார்த்திக் என்று அழைப்பதில் யாதொரு தடையும் இல்லை. குறும்பெயரையே பதிந்துவிட்ட பெற்றோரும் வருந்தவேண்டியதில்லை. பிள்ளைக்கு விளங்கும் வயது வந்ததும், விளக்கீட்டு இரவில் முற்றத்துக்கு அழைத்துச் சென்று, கீழ்வானத்தில் நெருங்கிக் கிடக்கும் அந்தச் சிறு கூட்டத்தைக் காட்டி, “உன்ரை பெயர் அங்கையிருந்து வந்தது; உன்னைப் பெறாமலே வளர்த்த அம்மாமார் அவை” என்று சொல்லுக. விடுபட்ட எழுத்துக்கள் அக்கதையினாலே நிரம்பிவிடும்.

நம் நாட்டில் இக்கதைக்கு இன்று ஒரு தனிப் பொருளும் உண்டு. 2004ஆம் ஆண்டின் கடற்கோளும் 2009இல் முடிவுற்ற போரும் எத்தனையோ பிள்ளைகளைப் பெற்ற தாயிடமிருந்து பிரித்தன. அப்பிள்ளைகளை அம்மம்மாவும், பெரியம்மாவும், சின்னம்மாவும், சில வேளை உறவே இல்லாத அயல்வீட்டுப் பெண்களும் எடுத்து வளர்த்தனர். அவர்கள் பெயர் எந்தக் கல்வெட்டிலும் பொறிக்கப்படவில்லை. ஆனால் அவர்களுக்காகவே ஆக்கப்பட்டதுபோல ஒரு பெயர் 2,000 ஆண்டுகளாக நம்மிடம் இருக்கின்றது. அதன் பொருளை இளைஞர் அறிந்து போற்றுவாராக.

சில நாட்களின் பின் அவ்வயல் வீட்டுக்குச் சென்று, இக்கட்டுரையிற் கூறியவற்றைச் சுருக்கமாகச் சொன்னேன். தந்தையார் நெடுநேரம் பேசவில்லை. குழந்தையைக் கையிலெடுத்துத் தம் சின்னம்மாவின் மடியிலே கிடத்தினார்.

“கார்த்திகேயன் எண்டு பதிவம், சின்னம்மா. அப்புவின்ரை பெயரும் அதுதான், உங்கடை பெயரும் அதுதான்” என்றார்.

அம்மையார் குழந்தையின் காதருகே குனிந்து, “கார்த்திக்கு” என்று கூப்பிட்டார்.